பூசைக்கு வைத்த பியானோ

லூயிஷாம், லண்டன்
6 ஒக்டோபர் 2025

அக்காவுக்கு,

போனில் கதைத்தால் நான் கத்திவிடுவேன், நீங்களும் சும்மா இருக்க மாட்டீர்கள். நடுவில் அத்தான் போனைப் பறித்து, "சரி சரி, ரெண்டு பேரும் விடுங்கோ" என்பார். அதனால்தான் கடிதம். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு என்னைக் காதைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனதற்கு ஒரு பலனாவது இருக்கட்டும்.

விஷயம் இதுதான். நவம்பர் பதினான்காம் திகதி வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்குப் பியானோவைத் தூக்க, அதைக் கொண்டுவந்த அதே கொம்பனி ஆட்கள் வருவார்கள். இங்கே ஒரு ஸ்ரூடியோவில் இடம் பிடித்திருக்கிறேன். முன்னறை யன்னலை அத்தான் கழற்றி வைத்தால் நல்லது. பதினொரு வருஷத்துக்கு முன் அந்த வழியாகத்தான் அது உள்ளே வந்தது.

நீங்கள் என்ன செய்தீர்கள் என்று உங்களுக்கு இன்னும் விளங்கவில்லை. அதனால் எழுதுகிறேன். மூன்று கிழமையாக அந்தப் பியானோவின் கம்பிகளுக்கிடையில் நாற்பத்து மூன்று சாமான் வைத்திருந்தேன். திருகாணி, நட்டு, அழிறப்பர் துண்டு, கொண்டையூசி, போத்தல் தக்கை. அது குப்பை இல்லை அக்கா. ஒரு ஆணியை அரை விரல் தள்ளி வைத்தால் சத்தமே வேறு. ஒவ்வொன்றையும் வைத்து, கேட்டு, தள்ளி, திரும்பக் கேட்டு இடம் பிடித்தவை. மறக்காமல் இருக்க உள்ளே இரும்புச் சட்டத்தில் சோக்குக் கட்டியால் அடையாளமும் போட்டிருந்தேன். போன வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு ரெக்கோட் கொம்பனிக்காரர் மைக்கோடு வருவதாக ஏற்பாடு. இரண்டு வருஷ வேலை.

புதன்கிழமை பின்னேரம் வந்து பார்த்தால் பியானோ மூடியில் சந்தனப் பொட்டு, குங்குமம், செவ்வந்தி மாலை. நாற்பத்து மூன்று சாமானும் குசினியில் அடுப்புக்குப் பக்கத்தில் ஒரு ஐஸ்கிறீம் பெட்டிக்குள், டெற்றோல் மணத்தோடு. சோக் அடையாளத்தையும் ஈரத்துணியால் துடைத்துவிட்டீர்கள். போதாததற்கு, "நாளைக்குப் பூசை முடியுமட்டும் தொடாதை" என்று வேறு சொன்னீர்கள்.

நான் கத்தினேன். ஒத்துக்கொள்கிறேன். நீங்கள் திருப்பிச் சொன்னது: "தட்டுமுட்டுச் சத்தம் போடுறதுக்கு இவ்வளவு ஆரவாரமே?"

அந்த ஒரு வசனத்தோடுதான் நான் வெளிக்கிட்டு வந்தேன். மாலைக்கும் சந்தனத்துக்கும் இல்லை.

யசோதினி

---

மிச்சம், லண்டன்
10 ஒக்டோபர் 2025

என் செல்லத் தங்கச்சிக்கு,

கடிதம் கிடைத்தது. கீழே முழுப் பெயரையும் போட்டிருக்கிறாய், கவுன்சிலுக்கு எழுதின மாதிரி. உனக்கு யசோ என்று பெயர் வைத்துக் கூப்பிட்டவளே நான்தான், அது ஞாபகம் இருக்கட்டும்.

பூசைக்கு முன்னால் ஒன்று சொல்லிவிடுகிறேன். சாமான்கள் உள்ளேயே இருக்கவேண்டும் என்று நீ என்னிடம் ஒரு வார்த்தை சொன்னாயா? முன்பெல்லாம் நீ போகும்போது எல்லாவற்றையும் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு போகிறவள். இந்த முறை மறந்துவிட்டாய் என்று நினைத்தேன். நீ அத்தானிடம் சொன்னாயாம். அந்த மனுஷனிடம் சொல்வதும் பிரிட்ஜிடம் சொல்வதும் ஒன்று என்று உனக்குத் தெரியாதா? கேட்டால் இப்போது தலையைச் சொறிகிறார்.

சரஸ்வதி பூசைக்கு வாத்தியத்தைத் துடைக்காமல் வைப்பார்களா? மூடியைத் திறந்தால் உள்ளே துருப்பிடித்த ஆணியும் பழந்துணியும். ஐயோ, பிள்ளையின் பியானோ இப்படிக் கிடக்கிறதே என்று, லீவு போட்டுவிட்டு முதுகு முறியக் குனிந்து நின்று ஒவ்வொன்றாக எடுத்தேன். நீ முன்னுக்கு வரவேண்டும் என்றுதான் அந்த மாலையே போட்டேன். அதற்கு நான் வாங்கின பேச்சு இருக்கிறதே!

வரவேண்டாம் என்று நீ அனுப்பின செய்தி அவர்களுக்குக் கிடைக்கும்போது ரெக்கோட் கொம்பனிக்காரரின் வான் எங்கள் வாசலில் நின்றது. வந்தவர்களை வாசலோடு அனுப்ப எனக்கு வராது. வடையும் கடலையும் கொடுத்தேன். அந்தத் தாடிக்காரர் ஆறு வடை சாப்பிட்டார். உன்னைப் பற்றிப் பத்திரிகையில் வந்ததைப் போனில் காட்டினார். 'ஆங்கிலேயப் பரிசோதனை ஜாஸ் பியானோக் கலைஞர்' என்று போட்டிருந்தது. ஆங்கிலேயக் கலைஞராம்! தம்பி, அவள் பருத்தித்துறையில் பிறந்து நாலு வயதில் என் இடுப்பில் ஏறி இங்கே வந்தவள், இன்றைக்கும் புட்டு இல்லாவிட்டால் முகத்தைத் தூக்கி வைத்திருப்பாள் என்று எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொன்னேன். பரிசோதனை என்றால் என்ன என்றும் கேட்டேன். என்ன வரும் என்று தெரியாமல் செய்து பார்ப்பது என்றார். அதைத்தான் நான் பள்ளிக்கூடக் கன்ரீனில் ஒவ்வொரு நாளும் செய்கிறேன்.

தட்டுமுட்டுச் சத்தம் என்று சொன்னது பிழை. வாய் தவறி வந்தது என்று பொய் சொல்ல மாட்டேன். நோகட்டும் என்றுதான் சொன்னேன்.

ஆட்கள் வருவதைப் பற்றி. யசோ, நீ கிழமைக்கு மூன்று நாள் இந்த வீட்டுக்கு வருவது பியானோவுக்காகத்தான். வந்தால் வாசிப்பாய், பிறகு சாப்பிடுவாய், அத்தானோடு கிரிக்கெட் கதைப்பாய், போவாய். அது போய்விட்டால் நீயும் வரமாட்டாய். வருவேன் என்று சொல்வாய். தீபாவளிக்கும் பிறந்தநாளுக்கும் வருவாய். எனக்கு அது காணாது. யன்னலைக் கழற்றச் சொல்லி நான் அத்தானிடம் சொல்லப் போவதில்லை.

உன் அக்கா

---

லூயிஷாம்
16 ஒக்டோபர் 2025

அக்கா,

தாடிக்காரரும் எனக்கு மெசேஜ் போட்டார். பியானோவைப் பற்றி ஒரு வரி, வடையைப் பற்றி நாலு வரி.

உங்கள் கடிதத்தை இரண்டு தரம் வாசித்தேன். சிரிப்பும் வந்தது. ஆனால் சண்டை பிடித்த அன்றைக்கு நான் கேட்ட கேள்விக்கு அதில் பதில் இல்லை. "இத்தனை வருசத்திலை என்ரை ஒரு கச்சேரிக்கு வந்தனீங்களே?" என்று கேட்டேன். நீங்கள் வடையைப் பற்றி எழுதியிருக்கிறீர்கள்.

நான் குறை சொல்வதற்காக மட்டும் கேட்கவில்லை. நீங்கள் எனக்கு என்ன செய்தீர்கள் என்று எனக்குத் தெரியும். ஏழு வயதில் பள்ளிக்கூட ஹோலில் இருந்த பழைய பியானோவைத் தொட்டதற்கு ரீச்சர் என்னை ஏசியபோது, மறுநாள் போய் அவவிடம், "படிப்பியுங்கோ அல்லது ஏசாதையுங்கோ" என்று நின்றவர் நீங்கள். பியானோவில் எட்டாம் கிரேட் வரை ஒவ்வொரு சோதனைக்கும் பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போனீர்கள். பார்மசிப் படிப்பை இரண்டாம் வருஷத்தில் விட்டுவிட்டு வந்த நாளில் எனக்கு ஏச்சு விழும் என்று நினைத்துக்கொண்டு கதவைத் தட்டினேன். "சாப்பிட்டியோ?" என்று மட்டும் கேட்டீர்கள். அதற்குப் பிறகு இரண்டு வருஷம் சொந்தக்காரர் எல்லோருக்கும் நான் இன்னும் படிப்பதாகச் சொல்லிக்கொண்டு திரிந்தீர்கள். பியானோவுக்காகச் சோபாவை விறாந்தையில் போட்டுவிட்டு, வந்த சனத்தை எல்லாம் குசினியில் இருத்தினீர்கள்.

ஆனால் நான் என்ன வாசிக்கிறேன் என்று மட்டும் நீங்கள் கேட்கவே இல்லை. ஹோட்டல் லொபியில் சாப்பாட்டுக்கு வாசித்த காலத்தை விடுங்கள், அதைக் கேட்காதது நல்லது. அதற்குப் பிறகு ஹக்னியில் ஒரு பப்பின் மேல்மாடி, நோர்வே, பெர்லின், போன வருஷம் பெரிய ஹோலில் எண்ணூறு பேர். பதினாறு வருஷம் வந்தால் சும்மா உள்ளே விடச் சொல்லி ஒவ்வொரு வாசலிலும் உங்கள் பெயரைக் கொடுத்து வைத்தேன். லண்டனில் நடந்தால் மட்டுமில்லை, வெளியூரில் நடந்தாலும் கொடுத்தேன், விசர் பிடித்தவள் மாதிரி. துசியந்தி என்ற பெயரை எத்தனை விதமாகக் கொலை செய்யலாம் என்று அந்த வாசல்காரரிடம் கேளுங்கள். கடைசி இரண்டு வருஷம் கொடுக்கவில்லை.

எண்ணூறு பேர் எழும்பி நின்று கைதட்டின இரவு எனக்குச் சந்தோஷமாக இருக்கவில்லை அக்கா. ட்ரெயினில் அழுதுகொண்டு வந்தேன்.

ஏன் வரவில்லை? அதை மட்டும் எழுதுங்கள். பியானோ பதினான்காம் திகதி எடுக்கப்படும், அதில் மாற்றம் இல்லை.

யசோ

---

மிச்சம்
22 ஒக்டோபர் 2025

யசோக்குட்டி,

தீபாவளிக்கு நீ வருவாய் என்று பார்த்துக்கொண்டு இருந்தேன். பயித்தம்பணியாரம் சுட்டேன், முழுவதையும் அத்தான் முடித்துவிட்டார்.

நீ கேட்டதற்குப் பதில் எழுதுகிறேன். இதை அத்தானுக்கும் நான் சொன்னதில்லை.

ஹக்னிக் கச்சேரிக்கு நான் வந்தேன்.

2007ஆம் ஆண்டு மார்ச் மாதம். நீ தனியாக வாசித்த முதல் கச்சேரி. பின்னேர ஷிப்ட் முடிய வெளிக்கிட்டு மூன்று பஸ் மாறி வந்து சேர நீ தொடங்கிவிட்டாய். கதவுக்குப் பக்கத்தில் இருட்டுக்குள் நின்றேன். பதினான்கு பேர் இருந்தார்கள், எண்ணினேன். நீ எழும்பிப் பியானோவுக்குள் குனிந்து கம்பியைக் கையால் சுரண்டினாய். முன் வரிசையில் ஒருத்தனும் ஒருத்தியும் சிரித்துவிட்டு எழும்பினார்கள். சின்னப் பிள்ளையும் இதைச் செய்யும் என்று சொல்லிக்கொண்டு என்னைக் கடந்து படியில் இறங்கினார்கள்.

எனக்கு என்ன நடந்தது என்று தெரியாது. பின்னால் போனேன். பஸ் தரிப்பில் பிடித்தேன். முதலில் இங்கிலீஷில் கேட்டேன். அது போதாமல் போகத் தமிழில் தொடங்கினேன். "அவள் எத்தினை நாள் சாப்பிடாமல் கொள்ளாமல் இருந்து படிச்சவள் எண்டு உங்களுக்குத் தெரியுமே? ஒரு அரை மணித்தியாலம் இருந்தால் என்ன, குறைஞ்சு போவியளே?" அந்தப் பெட்டை பயந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். பஸ் வந்து ஏறிப் போய்விட்டார்கள். நான் திரும்பி வந்தபோது கீழ்க்கதவைப் பூட்டிவிட்டார்கள். தட்டினால் நீ வாசிப்பது குழம்பும். வீட்டுக்குப் போனேன்.

அதற்குப் பிறகு எனக்கு ஏலாமல் போய்விட்டது. நீ வாசிக்கும்போது யாராவது எழும்பிப் போவதைப் பார்க்க என்னால் ஏலாது, யசோ. எண்ணூறு பேர் இருந்தாலும் நான் கதவைத்தான் பார்த்துக்கொண்டு இருப்பேன். உன்னைப் பிடிக்காமல் வராமல் இருந்தேன் என்று நினைத்தாயா? விசர்ப் பெட்டை.

ஆனால் கேட்கவில்லை என்று மட்டும் சொல்லாதே. பதினொரு வருஷமாகக் குசினியில் நின்று கேட்கிறேன். நீ வந்தால் நான் மிக்ஸி போடுவதில்லை, கவனித்தாயா? பூசைக்கு முந்தின அந்த மூன்று கிழமையும் நீ இடப்பக்கத்தில் தொடங்குவாய். அடிச்சத்தம் ஒன்று டொம் என்று வரும், அதன் வாலில் சில்லறை குலுங்கினமாதிரி ஒன்று ஒட்டிக்கொண்டு வரும். அதற்கு மேலே மூன்றும் மரத்தில் தட்டினமாதிரி. நடுவில் ஒன்று மணி மாதிரி, அதற்காகவே நான் அடுப்பைக் குறைப்பேன்.

அதனால் ஒரு வேலை செய்தேன். கோபிக்காதே. ஒவ்வொரு நாளும் கன்ரீன் முடிந்து வந்து, ஐஸ்கிறீம் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகத் திரும்ப வைத்தேன். ஒரு கட்டையை அழுத்துவது, குசினிக்கு ஓடுவது, என்ன கேட்டது என்று நினைத்துப் பார்ப்பது. பிறகு அத்தானை அழுத்தச் சொல்லிவிட்டு நான் குசினியிலேயே நின்றேன். "இஞ்சை, இதையே எத்தினை தரம் அமத்துறது?" என்று அவர் அழாக்குறை. பத்து நாள் எடுத்தது. ஒரு தக்கையை அவர் குப்பையில் போட்டுவிட்டார். அதற்குப் பதில் பழைய குக்கர் வளையத்தில் ஒரு துண்டு வெட்டி வைத்திருக்கிறேன்.

பிழையாக இருக்கும். வந்து பார்.

அக்கா

---

லூயிஷாம்
29 ஒக்டோபர் 2025

அக்கா,

வந்தேன். வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்கு, நீங்கள் கன்ரீனில் இருக்கும் நேரமாகப் பார்த்து. உங்கள் முகத்தைப் பார்க்கத் துணிவில்லை. அத்தானிடம் சொல்லவேண்டாம் என்று சொன்னேன், ஆகவே அவர் அன்றைக்கே சொல்லியிருப்பார்.

மேல் கோட்டைக் கழற்றாமலே உட்கார்ந்து இடப்பக்கத்தில் இருந்து ஒவ்வொன்றாக அழுத்தினேன். நாற்பத்து மூன்றில் முப்பத்தெட்டு அதே இடம். அக்கா, அது நடக்கக்கூடிய காரியம் இல்லை. என்னோடு பத்து வருஷம் வாசித்த ட்ரம்ஸ்காரனிடம் சொன்னேன், அவன் நம்பவில்லை. ஐந்து பிழை. மூன்றை நான் திருத்தினேன். மற்ற இரண்டையும் அப்படியே விட்டேன், நீங்கள் வைத்த இடம் என்னுடையதைவிட நல்லது. குக்கர் வளையத்தை ஒருவரும் தொடக்கூடாது.

ஹக்னியைப் பற்றி என்ன எழுதுவது? அந்த இரண்டு பேர் எழும்பிப் போனது எனக்கு நல்ல ஞாபகம். அன்றைக்கு இரவு வாசிப்பை விட்டுவிடலாம் என்றுகூட யோசித்தேன். அவர்களுக்குப் பின்னால் நீங்கள் ஓடினீர்கள் என்று தெரிந்திருந்தால்! பதினெட்டு வருஷம் இதை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டு எப்படி இருந்தீர்கள்? நானும் வாசலில் உங்கள் பெயரைக் கொடுத்ததை உங்களிடம் ஒருநாளும் சொல்லவில்லைத்தான். நாங்கள் இரண்டு பேரும் நல்ல சோடி.

ரெக்கோட் கொம்பனிக்காரர் நவம்பர் ஆறாம் திகதி வியாழக்கிழமை திரும்ப வருகிறார்கள். அன்றைக்கு நீங்கள் லீவு போடுங்கள். குசினியில் இல்லை, முன்னறையில், எனக்குப் பக்கத்தில் கதிரை போட்டு இருக்கவேண்டும். கதவைப் பூட்டிவிட்டுத்தான் பதிவு செய்வார்கள். ஒருவராலும் எழும்பிப் போக ஏலாது.

ஒரே ஒரு நிபந்தனை: சத்தம் போடக்கூடாது. இருமல், காப்புச் சத்தம் ஒன்றும் கூடாது.

யசோ

---

மிச்சம்
1 நவம்பர் 2025

யசோ,

வருகிறேன். எங்கே வருகிறேன், என் வீட்டு முன்னறைக்கு! காப்புகளை இன்றைக்கே கழற்றி வைத்துவிட்டேன். சீலை சரசரக்கும், அதனால் அத்தானின் பழைய ஸ்வெட்டரைத்தான் போடப் போகிறேன். படம் எடுக்கமாட்டார்கள்தானே?

சொல்லிவிடு, மூச்சு விடலாமா?

அக்கா

---

லூயிஷாம்
8 நவம்பர் 2025

அன்பான அக்காவுக்கு,

வியாழக்கிழமை பதிவு முடிந்ததும் நீங்கள் முகத்தைத் துடைத்துக்கொண்டு குசினிக்குள் போய்விட்டீர்கள். நானும் ட்ராமுக்கு ஓடிவிட்டேன். இவ்வளவு எழுதிவிட்டு நேரில் வாயைத் திறக்க ஏலாமல் இருக்கிறது, பாருங்கள்.

நேற்றுப் பதிவை அனுப்பியிருந்தார்கள். இரவு ஹெட்போனில் கேட்டேன். நாலாவது இசைத்துண்டில் ஆறாவது நிமிஷம் போல ஒரு இடம் வரும், நான் வலக்கையை எடுத்துவிட்டு இடக்கையால் மட்டும் மெதுவாக வாசிப்பேன். அது எழுதி வைத்தது இல்லை. அந்த நேரத்தில் வந்தது. நீங்கள் பக்கத்தில் அந்தப் பச்சை ஸ்வெட்டரோடு கைகட்டி இருந்தீர்கள், எனக்கு உங்களிடம் ஏதோ சொல்லவேண்டும் போல இருந்தது. வாசித்து நிறுத்தினேன். அப்போது உங்கள் குரல் கேட்கிறது.

"ஓம்."

மெதுவாகத்தான். ஆனால் தெளிவாக இருக்கிறது. போனில் யாராவது கதை சொல்லும்போது நடுநடுவில் ஆமோதித்துச் சொல்வீர்களே, அதே ஓம். வாசிக்கும்போது எனக்குக் கேட்கவில்லை. தாடிக்காரர் கம்ப்யூட்டரில் வலு சுலபமாக எடுத்துவிடலாம் என்கிறார். செவ்வாய்க்கிழமை வரை பொறுக்கச் சொல்லியிருக்கிறேன்.

வெள்ளிக்கிழமை வரவிருக்கும் ஆட்களுக்கு நான் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. அன்றைக்கு அவ்வளவு பேசிவிட்டு, யன்னலைக் கழற்றச் சொல்லி எழுதிவிட்டு, இப்போது எந்த முகத்தோடு உங்களிடம் கேட்பது? இரண்டு தரம் போனை எடுத்தேன். திரும்ப வைத்துவிட்டேன்.

உங்கள் யசோ

---

மிச்சம்
10 நவம்பர் 2025

என் ஆசை யசோவுக்கு,

ஐயோ, என்ன வெட்கக்கேடு! உலகம் முழுக்கக் கேட்கிற ரெக்கோட்டில் என் குரலா? நீ சத்தம் போடவேண்டாம் என்று படித்துப் படித்துச் சொல்லியும்! காப்பைக் கழற்றினேன், வாயைக் கழற்றி வைக்க மறந்துபோனேன். எடுக்கச் சொல்லிவிடு, சனம் சிரிக்கும்.

இந்தக் கடிதம் செவ்வாய்க்கிழமைக்குள் வந்து சேராது என்பதால் அத்தானிடமே கொடுத்து அனுப்புகிறேன். புட்டும் மீன்குழம்பும் அவர் கையில் இருக்கும், சூடு ஆறமுதல் சாப்பிடு.

பியானோ தூக்க வரும் ஆட்களுக்கு நானே காலையில் போன் எடுத்தேன். நம்பர் இருந்த பழைய பில்லை உன் மேசை லாச்சியில் இருந்து அத்தான் எடுத்துத் தந்தார், முதல்முறையாக ஒரு உதவி. புக் பண்ணின ஆள் நீங்களா என்று அந்தப் பெடியன் கேட்டான். நான் அவளின் அக்கா என்றேன். அவள் வந்து சொன்னால்தான் நிறுத்தலாம் என்றான். தம்பி, நீ வெள்ளிக்கிழமை வந்தால் சாப்பிட்டுவிட்டுப் போ, ஆனால் என் வீட்டு யன்னலைத் தொடாதே என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, சரி என்றான்.

இவ்வளவும் எழுதி முடித்துவிட்டுத் தேத்தண்ணி போடப் போனேன். குசினியில் நின்றபோதுதான் அந்த இடம் நினைவுக்கு வந்தது. நீ இடக்கையால் மட்டும் வாசித்தாய். நான் உன் கையைப் பார்க்கவில்லை, உன் முகத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். பள்ளிக்கூடம் விட்டு வந்து ஒன்று கேட்கவேண்டும் என்று குசினிக் கதவடியில் நிற்பாயே, அந்த முகம். கதவு பூட்டியிருக்கிறதா, யாராவது எழும்புகிறார்களா என்ற நினைப்பே எனக்கு வரவில்லை, யசோ. நான் வாய் திறந்ததும் எனக்குத் தெரியாது.

மேலே எழுதினதை வெட்டிவிடு. அந்த ஓமை எடுக்கவேண்டாம் என்று அவரிடம் சொல்.

நீ ஏதோ கேட்டாய், நான் பதில் சொன்னேன். என்ன கேட்டாய் என்று எனக்கு விளங்கவில்லை, உன் பாஷை எனக்கு அவ்வளவு தெரியாது. என்னவாக இருந்தாலும் ஓம்தான் பிள்ளை.

அக்கா